சாட்சிக் கரண்டி

அந்தத் தொழிற்சாலைச் சமையலறையின் வாசலில் ஒரு ஆணி உண்டு. ஆணியில் நீளக் காம்பு வைத்த கரண்டி ஒன்று தொங்கும். சோறோ குழம்போ எதுவாக இருந்தாலும், அதைச் சமைத்தவர் எல்லோர் கண் முன்னாலும் அந்தக் கரண்டியால் ஒரு வாய் சாப்பிட்ட பிறகுதான் பாத்திரம் வாசலைத் தாண்டும். எந்தக் காலத்திலோ எவரோ உப்பு டப்பாவுக்கும் சமையல் சோடா டப்பாவுக்கும் வித்தியாசம் தெரியாமல் எண்ணூறு பேரின் வயிற்றைக் கலக்கிவிட்டதால் வந்த சட்டம். சுவரில் எழுதி ஒட்டிய சட்டங்களை அங்கே யாரும் ஏறெடுத்தும் பார்ப்பதில்லை. எழுதாத இந்த ஒன்றை மட்டும் எல்லோரும் மதித்தார்கள். அதற்குச் சாட்சிக் கரண்டி என்று பெயர்.

அவள் அங்கே பத்தொன்பது வருடமாக மீனும் குழம்பும் பார்க்கிறாள். எல்லோருக்கும் அவள் அக்கா. தலைமைச் சமையல்காரரான மாஸ்டர் அவளைவிட நாலு வயது மூத்தவர். அவரும் அக்கா என்றுதான் கூப்பிடுவார், அதில் அவருக்கு ஒரு திருப்தி. காலை ஐந்து மணிக்கு ஏப்ரனைக் கட்டினால் இரண்டு மணிக்குத்தான் அவிழ்ப்பாள். முன்பெல்லாம் முதுகுப்பக்கம் முடிச்சு விழும் நாடா, கொஞ்ச நாளாகச் சுற்றிவந்து வயிற்றின் மேல் முடிச்சு விழுந்தது. புதிதாக வந்த ஏப்ரன்களுக்கு நாடாவைத் தாராளமாக வெட்டிவிட்டார்கள் என்று நினைத்துக்கொண்டாள். அதற்குமேல் அதைப் பற்றி யோசிக்க அவளுக்கு நேரமில்லை.

நேரமெல்லாம் வீட்டுக்காரருக்குப் போய்க்கொண்டிருந்தது. அவர் முப்பது வருடம் சந்தையில் மீன் வெட்டியவர். சந்தையில் அவரை முள்ளுக்காரர் என்பார்கள், எந்த மீனிலும் ஒரு முள் விடாமல் எடுத்துக் கொடுத்ததால் வந்த பெயர். இன்னொரு வித்தையும் அவரிடம் உண்டு. மீனைத் தராசில் ஏற்றுமுன்பே கண்ணால் பார்த்து எடை சொல்லிவிடுவார். அதை நம்பாமல் டீ பந்தயம் கட்டியவர்களின் புண்ணியத்தில் முப்பது வருடமும் அவர் டீக்குக் காசு கொடுத்ததே இல்லை.

அப்படிப்பட்டவரின் தொண்டையில் ஒரு கட்டி வந்தது. கடைவாய்ப் பற்களைப் பிடுங்கினார்கள், கட்டியை வெட்டி எடுத்தார்கள், ஏழு வாரம் கதிர்வீச்சுச் சிகிச்சை கொடுத்தார்கள். கட்டி போய்விட்டது. கூடவே அறுபத்தெட்டுக் கிலோ மனிதரில் பதினெட்டுக் கிலோவும் போய்விட்டது. மெல்லப் பல் இல்லை, எச்சில் ஊறுவதில்லை, காரமும் புளிப்பும் பட்டால் தொண்டை தீயாக எரியும், தண்ணீர் கூட நேராக உள்ளே போகாமல் வழி மாறிப் போய்ப் புரை ஏறும். அதனால் எல்லாவற்றையும் மிக்ஸியில் அடித்து, கூழை இறுக்குவதற்கென்று ஆஸ்பத்திரியில் கொடுத்த கெட்டிமாவைக் கலந்து, கிண்ணத்தில் கொடுக்கச் சொன்னார்கள். நாலு மாதமாக அவளும் அடித்தாள், கலந்தாள், கொடுத்தாள். அவர் நாலு வாய் விழுங்கிவிட்டுக் கிண்ணத்தைத் தள்ளிவைப்பார். கெஞ்சினாலும் கோபித்தாலும் அவர் காதில் போட்டுக்கொள்வதில்லை. பேச்சு குறைந்துபோன மனிதரிடம் எத்தனை நேரம்தான் கெஞ்சுவது? அவளும் ஓய்ந்துபோனாள்.

ஆஸ்பத்திரியில் விழுங்கச் சொல்லித் தருவதற்கென்றே ஒரு பெண் இருந்தாள். மகள் வயதுதான் இருக்கும், தன்மையாகப் பேசுவாள். அந்த வியாழக்கிழமை அவரைத் தராசில் ஏற்றிப் பார்த்துவிட்டு அந்தப் பெண் எண்ணை அட்டையில் எழுதினாள். ஐம்பது கிலோ இருநூறு. அடுத்த வியாழக்கிழமை ஐம்பதுக்குக் கீழே போயிருந்தால் வயிற்றில் சின்னத் துளை போட்டுக் குழாய் வைத்துவிடுவார்கள், பெரிய டாக்டர் எழுதிவிட்டார் என்றாள். குழாய் வைத்துக்கொண்டு எத்தனையோ பேர் நன்றாக இருக்கிறார்கள், பயப்பட ஒன்றுமில்லை என்றும் சொன்னாள். அவர் முகத்தில் ஈயாடவில்லை. திரும்பி வரும்போது பஸ்ஸில் ஜன்னல் பக்கம் திரும்பியபடியே வாயைத் திறந்தார்.

"வயித்தக் கீறுற வேல எனக்குத் தெரியும். என் வயித்த எவனும் கீற வேணாம்."

"அப்ப சாப்பிடுங்க" என்றாள்.

அவரை வீட்டில் விட்டுவிட்டு அவள் அப்படியே சமையலறைக்குப் போனாள். வியாழக்கிழமை மத்தியானம் மீன் ஊறவைத்தாக வேண்டும். வெள்ளிக்கிழமை அங்கே பழ மீன். வெள்ளைச் சதையுள்ள மீனைத் துண்டு போட்டு அன்னாசிச் சாற்றில் ஊறவைத்து, மறுநாள் காலையில் சுட்டு, அன்னாசியிலேயே செய்த சாற்றை மேலே ஊற்றித் தருவது. எப்போதும் டப்பா அன்னாசிதான். அன்றைக்கு டப்பா வரவில்லை என்று ஸ்டோர்க்காரர் சந்தையிலிருந்து முழுப் பழங்களை இறக்கியிருந்தார். அவளும் தோல் சீவினாள், அரைத்தாள், ஆறு பெரிய அடுப்புத் தட்டுகளில் பரப்பிய மீனின் மேலும் ஊற்றினாள், குளிரறையில் தள்ளிவிட்டு வீட்டுக்கு வந்தாள். கை வேலை செய்தது. மனசு முழுக்க ஐம்பது கிலோதான்.

மறுநாள் காலை இடுக்கியால் முதல் துண்டைத் தூக்கியபோது அது இரண்டாகப் பிரிந்து விழுந்தது. அடுத்ததும் அப்படியே. மூன்றாவது, இடுக்கி பட்டவுடன் குழைந்துபோனது. மாஸ்டர் ஓடிவந்து பார்த்துவிட்டு, மீன்காரன் கெட்ட மீனைத் தலையில் கட்டிவிட்டான் என்று போனை எடுத்தார். அந்த மீன்காரனைத் திட்ட அவருக்கு ஒரு காரணம் கிடைப்பதே பெரிய விஷயம். அவள் ஒரு துண்டை முகர்ந்து பார்த்தாள். கெட்ட வாடை இல்லை. பிறகு விரலில் ஒட்டியிருந்த சாற்றை நக்கிப் பார்த்தாள். நாக்கைச் சுருக்கென்று கடித்தது.

அவளுக்குப் புரிந்துவிட்டது. முற்றின இறைச்சி வேக மறுத்தால் பப்பாளிக்காயைத் துருவிப் போடுவது அவளுக்குத் தெரியாததா? காய்ச்சாத பச்சை அன்னாசிக்கும் அதே குணம்தான், சதையைத் தின்றுவிடும். டப்பாவில் அடைக்கும்போது காய்ச்சுகிறார்களே, அதில் அந்தக் குணம் செத்துவிடுகிறது. பத்தொன்பது வருடம் செத்த சாற்றில் ராத்திரி முழுக்க ஊறவைத்துப் பழகிய கை, உயிருள்ள சாற்றிலும் அதையே செய்துவிட்டது.

"மீன்காரர் மேல தப்பில்ல மாஸ்டர். தப்பு என் கையில" என்றாள்.

மாஸ்டர் போனை வைத்துவிட்டு அவளைப் பார்த்தார். நல்லவர்தான், ஆனால் எண்ணூறு பேருக்குப் பதில் சொல்ல வேண்டியவர். எல்லாவற்றையும் கொட்டிவிட்டு முட்டை வேகவைக்கச் சொன்னார். நீங்க ஏன் ஒரு மாசம் லீவு போடக் கூடாது என்றும் கேட்டார். லீவு போட்டால் சம்பளம் யார் கொடுப்பார் என்று அவள் கேட்கவில்லை, அவருக்கும் தெரியும்.

ஐந்து தட்டு குப்பைக்குப் போயிற்று. ஆறாவதைக் காணோமே என்று தேடினால், அதை அவளே விடியற்காலையில், எதையும் தொட்டுப் பார்க்காமல், அடுப்புக்குள் தள்ளியிருந்தாள். வெளியே எடுத்தபோது துண்டுகள் வரிசை கலையாமல், வெள்ளையாக, வடிவு மாறாமல் கிடந்தன. யாரும் தூக்கித் திருப்பாததால் உடையவில்லை, அவ்வளவுதான். வெளியே போகப் போகிற பண்டம் இல்லை என்றாலும் பழக்கத்தில் அவள் கை ஆணிக்குப் போயிற்று. சாட்சிக் கரண்டியால் ஒரு ஓரத்தை எடுத்து வாயில் வைத்தாள். மெல்ல வேண்டியிருக்கவில்லை. நாக்கை மேலே அழுத்தினாள், மீன் கரைந்து தொண்டைக்குள் போய்விட்டது. கடைசியில் லேசாகக் கசந்தது, புளித்தது. ஆனால் பல் ஒன்றும் வேண்டியிருக்கவில்லை.

அவள் அப்படியே நின்றாள். மாஸ்டர் என்ன என்று கேட்டார். ஒன்றுமில்லை என்று சொல்லிவிட்டு, நாலு துண்டை மட்டும் டப்பாவில் அடுக்கிக்கொண்டாள். வேலை பார்த்த இத்தனை வருடத்தில் அங்கிருந்து அவள் எடுத்துப்போன முதல் பண்டம் அதுதான், அதுவும் கெட்டுப்போனது.

வீடு என்பது மூன்றாவது மாடியில் ஒரு அறையும் ஒரு அடுப்படியும். அவர் ஜன்னலோரம் நாற்காலியில் இருந்தார். காலையிலேயே அவள் கலந்து வைத்துவிட்டுப் போன மத்தியானக் கிண்ணம் முக்கால்வாசி அப்படியே இருந்தது. அவள் செருப்பைக்கூடக் கழற்றாமல் ஒரு துண்டைக் காய்ச்சி ஆறிய தண்ணீரில் அலசி, புளிப்பை எடுத்துவிட்டு, தட்டில் வைத்து நீட்டினாள். நாலு மாதம் கழித்து மீன் வடிவத்தில் ஒரு மீனைப் பார்த்ததும் அவர் நிமிர்ந்து உட்கார்ந்ததை அவள் கவனித்தாள். கரண்டியால் எடுத்து வாயில் வைத்தார். நாக்கால் அழுத்தினார். உடனே முகம் சுருங்க, காகிதத்தில் துப்பினார்.

"கெட்ட மீன்."

"கெட்டது இல்லங்க. பழம் ஊறி..."

"முப்பது வருஷம் மீன் அறுத்தவன்கிட்ட சொல்லாத. சத இப்பிடிக் கொழஞ்சா அது செத்து நாலு நாளான மீன். நாய்க்குப் போடுவோம்."

காலை ஐந்து மணியிலிருந்து கால் கடுக்க நின்று வேலை செய்தவள் அவள். தப்புக்கு ஏச்சு வாங்கி, ஐந்து தட்டு மீனைக் குப்பையில் போட்டு, மிஞ்சினதில் அவருக்கு ஒன்றைத் தேடி எடுத்து வந்திருக்கிறாள். கோபம் மூக்கு மேல் வந்து நின்றது. உங்களுக்காக நான் படுகிற பாட்டுக்கு இதுதான் மரியாதையா, எதைக் கொடுத்தாலும் தள்ளினால் நான் என்னதான் செய்வது, போய்க் குழாயையே வைத்துக்கொள்ளுங்கள் என்று வாய்க்கு வந்தபடி கத்திவிட்டாள். அவர் குறுக்கே பேசாமல் முழுவதும் கேட்டார். அவருடையது ஓட்டை விழுந்த குரல், மெதுவாகத்தான் வரும்.

"அங்க எண்ணூறு பேருக்கு நீ தின்னு பாத்துட்டுத்தான் அனுப்புவ. இந்தக் கிண்ணத்துல குடுக்குறத ஒரு நாளாவது வாயில வெச்சுப் பாத்தியா?"

அவள் அடுப்படிக்குள் போய்விட்டாள். மத்தியானக் கிண்ணத்தையும் கையோடு எடுத்துப் போனாள். சோறும் பருப்பும் மீனும் ஒன்றாய் அடித்து, மாவு போட்டு இறுகிய சாம்பல் நிறக் கூழ். நாலு மாதத்தில் ஒரு நாளைக்கு மூன்று தடவை என்றால் எத்தனை கிண்ணம்? ஒன்றையும் அவள் ருசி பார்த்ததில்லை. அது சாப்பாடு என்று அவள் நாக்குக்குத் தோன்றியதே இல்லை; மருந்து கலக்குவது போலக் கலக்கினாள். இப்போது விரலால் எடுத்து வாயில் வைத்தாள். சுவரொட்டி ஒட்டும் பசைதான். உப்பு இல்லை. உப்புப் போடக் கூடாது என்று யாரும் சொல்லவில்லை, அவளாகவே மறந்திருந்தாள். பத்தொன்பது வருடச் சமையல்காரி, கட்டினவருக்கு உப்பில்லாமல் போட்டிருக்கிறாள். பாத்திரம் கழுவும் தொட்டியைப் பிடித்துக்கொண்டு அழுதாள். சத்தம் வராமல் அழுதாள், ஏனென்றால் நடுவில் கதவு கிடையாது.

சனிக்கிழமை வேலை முடிந்ததும் சந்தைக்குப் போய் ஒரு முழு மீன் வாங்கினாள். அங்கேயே கீறிச் சுத்தம் பண்ண விடவில்லை. அப்படியே கொண்டுவந்து அவர் மடிக்கு நேராக நீட்டினாள். அவர் பார்க்காதவர் போலத்தான் இருந்தார். எத்தனை நேரம் இருக்க முடியும்? செவுளைத் தூக்கிப் பார்த்தார், கண்ணை அழுத்திப் பார்த்தார், வாலைப் பிடித்து நிறுத்திப் பார்த்தார்.

"ஒரு கிலோ நூத்தம்பது. இன்னைக்குக் காலைல பிடிச்சது."

"நல்ல மீன்தான?"

"நல்ல மீன்தான்."

"இத இப்ப உங்க கண்ணு முன்னாலயே நான் கெடுக்கப் போறேன், பாருங்க" என்றாள்.

அன்னாசி அவருடைய தொண்டைக்கு ஆகாது. அதனால் பச்சைப் பப்பாளிக்காயைத் துருவிச் சாறு பிழிந்து, உப்புச் சேர்த்தாள். சாறு மீனை எவ்வளவு நேரம் தின்னலாம், எங்கே நிறுத்த வேண்டும் என்பதுதான் தெரியவில்லை. பாதி மீனை மட்டும் அறுத்து, இருபது நிமிடம், நாற்பது நிமிடம், ஒரு மணி நேரம் என்று மூன்று தட்டில் வைத்தாள். அவர் சுவர்க்கடிகாரத்தைக் கழற்றச் சொல்லி மடியில் வைத்துக்கொண்டார். அவளை நம்பி அல்ல, பொய்யைக் கையும் களவுமாகப் பிடிக்க. ஊறினதை அலசி, தட்டோடு ஆவியில் வைத்து, திருப்பாமல் தொடாமல் அவித்தாள். நார் இல்லாத மாம்பழத்தைப் பிசைந்து சல்லடையில் தேய்த்து, கொஞ்சம் வெண்ணெயும் ஒரு சிட்டிகை உப்பும் போட்டுக் காய்ச்சினாள். அந்தச் சாறு கரண்டியிலிருந்து இறங்க மனசில்லாமல் மெதுவாக இறங்கியது. விழுங்கச் சொல்லித் தரும் பெண் எந்தப் பதத்துக்கு மாவு கலக்கச் சொன்னாளோ, மாம்பழம் மாவு இல்லாமலே அந்தப் பதத்தில் இருந்தது.

பிறகு ஒரு கரண்டியை எடுத்து அவர் எதிரில் நின்றாள். பல்லால் கடிப்பதில்லை என்று வைத்துக்கொண்டு, நாக்கால் மட்டும் மூன்று தட்டையும் ருசி பார்த்தாள். இருபது நிமிடத்தது நார் நாராக நின்றது. ஒரு மணி நேரத்தது கசந்தது. நாற்பது நிமிடத்தது உடையாமல் கரண்டியில் ஏறி, நாக்கில் கரைந்தது. ஆனால் ஒரு ஓரம் கரைந்தது, நடுவில் கொஞ்சம் கட்டியாக நின்றது.

"தடிமன் ஒண்ணா இல்ல. ஒண்ணா அறுத்தாத்தான் ஒண்ணா ஊறும்" என்றார் அவர். சொல்லிவிட்டுக் கட்டிலுக்கு அடியில் கையைக் காட்டினார். துணியில் சுற்றிய கத்தி நாலு மாதமாக அங்கேதான் கிடந்தது.

மிச்சமிருந்த மீனை அவரே அறுத்தார். பத்துத் துண்டும் ஒரே அச்சு, ஒரே கனம். அன்றைக்குச் சாயங்காலம், ஆஸ்பத்திரிப் பெண் சொல்லித் தந்தபடி தாடையை நெஞ்சோடு சேர்த்து, ஒரு வாய்க்கு இரண்டு தடவை விழுங்கி, ஒரு தடவை இருமி, முக்கால் மணி நேரம் எடுத்துக்கொண்டு அவர் நாலு துண்டு சாப்பிட்டார். சாப்பிடும்போதெல்லாம் குறைதான் சொன்னார். நல்ல மீனை இப்படிக் கெடுப்பது பாவம் என்றார். மாம்பழம் ஊற்றியதைச் சந்தையில் யாராவது பார்த்தால் சிரிப்பார்கள் என்றார். அவள் சுவரில் சாய்ந்து நின்று எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டாள். கேட்கக் கேட்க உடம்பிலிருந்து ஏதோ பாரம் இறங்கியது போலிருந்தது, ஆனால் சந்தோஷப்படவும் தெம்பு வேண்டுமே.

"நீ சாப்பிடலியா?"

"நாந்தான் சாட்சி பாத்தேனே."

அதற்குப் பிறகு தினமும் அதே கதை. ஐந்து மணிக்குச் சமையலறை, இரண்டரைக்குச் சந்தை, மூன்று மாடிப் படி, பப்பாளிக்காய், நாற்பது நிமிடம், ஆவி, மாம்பழம். நடுவில் இரண்டு நாள் பருப்புக்கும் சோற்றுக்கும் புதுப் பதம் கண்டுபிடிக்க வேண்டியிருந்தது. உப்புப் போட்டாள், வெண்ணெய் போட்டாள், ஒவ்வொன்றையும் கரண்டியால் ருசி பார்த்தாள். செவ்வாய்க்கிழமை இரண்டாவது மாடிப் படியில் உட்கார்ந்துவிட்டு எதற்காக உட்கார்ந்தோம் என்று தெரியாமல் எழுந்து வந்தாள். புதன்கிழமை மீனைத் தட்டில் வைக்கும்போது அவர் தட்டைப் பார்க்காமல் அவளைப் பார்த்துக்கொண்டிருந்தார். மேலிருந்து கீழாக, ஒரு நிதானத்தோடு. என்ன அப்படிப் பார்க்கிறீர்கள் என்று கேட்டாள். ஒன்றுமில்லை என்று சொல்லிவிட்டுத் தாடையை நெஞ்சோடு சேர்த்து விழுங்கினார்.

வியாழக்கிழமை வந்தது. விழுங்கச் சொல்லித் தரும் பெண் வழக்கம்போல, சட்டைப் பையில் இருப்பதையெல்லாம் எடுத்து மேசையில் வையுங்கள் ஐயா என்றாள். அவர் கைக்குட்டையை வைத்தார். இன்னொரு பை கனமாகத் தொங்குகிறதே என்றாள் அந்தப் பெண். கொஞ்சம் திருட்டு முழி முழித்துவிட்டு, அவர் பையில் கையை விட்டு ஒரு இருநூறு கிராம் படிக்கல்லை எடுத்து மேசையில் வைத்தார். மீன் கடையில் வைத்திருந்த பழைய கல். தராசோடு முப்பது வருடம் பழகினவருக்கு இது கூடத் தெரியாதா? அவளுக்குத் தலை குனிந்துவிட்டது. அந்தப் பெண் மட்டும் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள்.

கல் இல்லாமல் ஏறினார். எண்கள் ஓடி நின்றன. ஐம்பது கிலோ எழுநூறு.

அந்தப் பெண் இன்னொரு தடவை இறக்கி ஏற்றிப் பார்த்தாள். அதே எழுநூறு. குழாய் இப்போதைக்கு வேண்டாம், நான் டாக்டரிடம் சொல்லிவிடுகிறேன், என்னம்மா கொடுத்தீர்கள் என்று கேட்டாள். அவள் பப்பாளிக்காயைப் பற்றியும் நாற்பது நிமிடத்தைப் பற்றியும் சொல்ல ஆரம்பித்தாள். பாதியில் அவர் தராசிலிருந்து இறங்கி, கையைக் காட்டி நிறுத்தினார்.

"இப்ப இவள ஏத்துங்க."

எதற்கு என்றாள் அவள். நோயாளி நீங்கள்தான், பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டது, மத்தியானம் மீன் ஊறவைக்கப் போக வேண்டும் என்றாள். அவர் நகரவில்லை, ஒற்றைக் காலில் நின்றார்.

"நாப்பத்தி மூணே கால் இருப்பா. பாருங்க."

வம்பு எதற்கு என்று அவள் ஏறினாள். நாற்பத்தைந்து கிலோ அறுநூறு. பாருங்கள், கண்ணுக்கு வயசாகிவிட்டது, இரண்டு கிலோவுக்கு மேல் தப்பு என்று அவள் சொன்னாள், கொஞ்சம் ஜெயித்த குரலில்.

"பைய இறக்கு."

தோளில் பை மாட்டியிருந்தது அவளுக்கு நினைவே இல்லை. அது இல்லாமல் அவள் எங்கே போயிருக்கிறாள்? அவருடைய சீட்டுகள், மாத்திரைகள், கெட்டிமாவு டப்பா, அவர் குடிக்கும் தண்ணீர், புரை ஏறினால் துடைக்கத் துண்டு, மாற்றுச் சட்டை ஒன்று. அவர் எட்டி அந்தப் பையை அவள் தோளிலிருந்து கழற்றித் தன் தோளில் மாட்டிக்கொண்டார். எண்கள் கீழே ஓடின. நாற்பத்து மூன்று இருநூறு.

அந்தப் பெண் குனிந்து எண்ணைப் பார்த்தாள்.

"எனக்குக் கட்டி வந்தப்ப அம்பத்தெட்டு இருந்தா" என்றார் அவர். "வாரா வாரம் பாத்துக்கிட்டுத்தான் இருக்கேன். எனக்கு எங்க சோறு எறங்கும்?"

அந்தப் பெண் மேசையைச் சுற்றிக்கொண்டு வந்து அவள் பக்கத்தில் நின்றாள். கடைசியாக எப்போது உட்கார்ந்து சாப்பிட்டீர்கள் அம்மா என்று கேட்டாள். அவள் நேற்றை நினைத்துப் பார்த்தாள். பிறகு முந்தாநாளை. சமையலறையில் ஆணியிலிருந்து எடுத்த கரண்டி நினைவுக்கு வந்தது, வீட்டில் அவர் எதிரில் நின்று எடுத்த கரண்டி நினைவுக்கு வந்தது, தட்டு ஒன்றும் நினைவுக்கு வரவில்லை. நான் நன்றாகத்தான் இருக்கிறேன் என்று சொல்ல வாயெடுத்தாள். அதற்குள் அவர் முந்திக்கொண்டார்.

"ஒரு கரண்டி தின்னுட்டு சாட்சின்னு சொல்லுவா, அதுதான் அவ சாப்பாடு" என்றார் அவர். "எனக்குக் குடுத்த மாதிரி இவளுக்கும் ஒரு தேதி குடுங்கம்மா. எத்தன கிலோன்னும் எழுதிக் குடுங்க."

அந்தப் பெண் புது அட்டை ஒன்றை எடுத்து, அடுத்த வியாழக்கிழமையின் தேதியை எழுதினாள். அதற்குக் கீழே நாற்பத்து நான்கு என்று எழுதி, இரண்டு கோடு போட்டாள். அவர் அதை வாங்கி, மேசையிலிருந்த படிக்கல்லையும் எடுத்து, இரண்டையும் தன் தோளில் இருந்த பையில் போட்டார். அவள் இன்னும் தராசின் மேலேயே நின்றிருந்தாள். இறங்கு, பஸ் வந்துவிடும் என்று அவர்தான் கையை நீட்டினார்.